பச்சை மத்தாப்புக்கு நிறம் தந்த பேரியம்... அதை உலகுக்குக் காட்டிய ஹம்ப்ரி டேவி யார்?

சிவகாசி பக்கம் போய் பேரியம் என்று சொல்லிப் பாருங்கள். கடை வைத்திருப்பவர், ஆலையில் வேலை பார்ப்பவர், லாரியில் லோடு ஏற்றுபவர், டீக்கடையில் பேப்பர் படிப்பவர் என எல்லோருக்கும் தெரிந்த பெயர் அது. வேதியியல் பாடத்தில் படித்து தெரிந்துகொண்டதில்லை. கோர்ட் செய்தியில் கேட்டுக் கேட்டுப் பழகிப்போன பெயர்.

2018 அக்டோபர் 23-ம் தேதி, பட்டாசு தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் பசுமைப் பட்டாசுகளுக்கு மட்டும் அனுமதி கொடுத்தது. பட்டாசில் பேரியம் உப்புகளைப் பயன்படுத்தத் தடை விதித்தது. 2021 அக்டோபரில் அந்தத் தடையை மறுபடியும் உறுதி செய்தது. பசுமைப் பட்டாசில் பேரியம் சேர்க்க அனுமதிக்க வேண்டும் என்று உற்பத்தியாளர்கள் கேட்டதையும் 2023 செப்டம்பரில் ஏற்க மறுத்துவிட்டது.

கம்பி மத்தாப்பு, சக்கரம், புஸ்வாணம் மாதிரியான ரகங்களில் காலங்காலமாகச் சேர்த்து வந்தது பேரியம் நைட்ரேட். திடீரென்று அது கூடாது என்றால்? விருதுநகர் மாவட்டத்தில் எத்தனையோ குடும்பங்களின் அடுப்பு இந்த ஒரு உப்பை நம்பி எரிந்திருக்கிறது.

சரி, இந்தப் பேரியம் என்ற உலோகத்தை முதன்முதலில் பிரித்து எடுத்தது யார்? ஹம்ப்ரி டேவி என்ற ஆங்கிலேயர். பேரியம் மட்டுமில்லை. மத்தாப்பின் சிவப்புக்குக் காரணமான ஸ்ட்ரான்ஷியம், கண்ணைக் கூச வைக்கும் வெள்ளை வெளிச்சம் தரும் மெக்னீசியம், வெடியுப்பில் இருக்கும் பொட்டாசியம் ஆகியவற்றையும் முதலில் பிரித்துக் காட்டியவர் அவர்தான்.

இன்னொரு விஷயமும் இருக்கிறது. இதே மனிதர் ஒரு வெடிவிபத்தில் கண்ணில் அடிபட்டவர். பிறகு சுரங்கத் தொழிலாளர்கள் வெடித்துச் சாகக்கூடாது என்று ஒரு விளக்கையும் செய்து கொடுத்தவர். அந்த விளக்குக்கு அப்புறம் என்ன நடந்தது என்பது சிவகாசிக்காரர்கள் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டிய கதை.

சுரங்க ஊரில் பிறந்த பிள்ளை

இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில் கார்ன்வால் என்று ஒரு பகுதி. தகரம், செம்பு சுரங்கங்களுக்குப் பேர் போன இடம். அங்கே பென்சான்ஸ் என்ற கடலோர ஊரில் 1778 டிசம்பர் 17-ம் தேதி பிறந்தார் டேவி. அப்பா ராபர்ட் மரச்சிற்பி. ஐந்து பிள்ளைகளில் இவர்தான் மூத்தவர்.

1794-ல் அப்பா இறந்துபோனார். விட்டுப்போனது கடன்தான். அம்மா கிரேஸ் தொப்பி, துணிமணி விற்கும் கடை நடத்திக் குடும்பத்தைத் தூக்கி நிறுத்தினார். மூத்த பையன் சும்மா இருக்க முடியுமா? அடுத்த வருடமே ஊரில் இருந்த போர்லேஸ் என்ற வைத்தியரிடம் தொழில் பழகச் சேர்ந்தார். அறுவை சிகிச்சை, மருந்து தயாரிப்பு இரண்டையும் பார்த்தவர் அந்த வைத்தியர்.

மருந்து இடிக்கிற, கலக்கிற வேலையில்தான் டேவிக்கு வேதியியல் மேல் ஆசை வந்தது. காலேஜ் பக்கமே போகாதவர். பிரெஞ்சு வேதியியலாளர் லவாய்சியே எழுதிய புத்தகத்தை 1797-ல் பிரெஞ்சு மொழியிலேயே படித்தார். கையில் கிடைத்த பாத்திரம், குழாய், மருந்துக்கடைச் சாமான்களை வைத்தே சோதனைகள் செய்ய ஆரம்பித்தார். கவிதையும் எழுதினார்.

நீராவி எந்திரப் புகழ் ஜேம்ஸ் வாட்டின் மகன் கிரிகரி வாட், உடம்பு தேறுவதற்காகப் பென்சான்ஸ் வந்து டேவி வீட்டில் வாடகைக்குத் தங்கினார். இப்படிச் சில அறிமுகங்கள் கிடைத்தன. வாய்ப்பும் தேடி வந்தது.

தன் உடம்பையே சோதனைக்கூடம் ஆக்கியவர்

1798 அக்டோபரில் பிரிஸ்டல் நகருக்குப் போனார் டேவி. வயது 19. அங்கே தாமஸ் பெடோஸ் என்ற மருத்துவர், வாயுக்களைச் சுவாசிக்க வைத்து நோயைக் குணப்படுத்த முடியுமா என்று பார்க்க ஒரு நிலையம் தொடங்கியிருந்தார். புது வாயுக்களைத் தயாரித்துச் சோதிப்பதுதான் டேவியின் வேலை.

யாரை வைத்துச் சோதிப்பது? தன்னை வைத்தேதான். நைட்ரஸ் ஆக்சைடு என்ற வாயுவைத் திரும்பத் திரும்ப உள்ளே இழுத்துப் பார்த்தார். போதை மாதிரி ஒரு மகிழ்ச்சி, காரணமே இல்லாத சிரிப்பு. இன்றைக்கும் இதைச் சிரிப்பூட்டும் வாயு என்றுதான் சொல்கிறோம். நண்பர்களையும் சுவாசிக்க வைத்தார். அவர்களில் கவிஞர் கோலரிட்ஜும் ஒருவர்.

வலி குறைவதையும் டேவி கவனித்தார். அறுவை சிகிச்சையில் இது பயன்படலாம் என்று 1800-ல் வெளியிட்ட புத்தகத்தில் எழுதியும் வைத்தார். ஆனால் யாரும் கண்டுகொள்ளவில்லை. மயக்க மருந்து என்ற விஷயம் நடைமுறைக்கு வரவே 1840-கள் ஆகிவிட்டது. நடுவில் 40 வருடங்களுக்கு மேல் நோயாளிகள் விழித்த நிலையிலேயே கத்தியைத் தாங்க வேண்டியிருந்தது.

எல்லா வாயுவும் சிரிக்க வைக்காது இல்லையா? கார்பன் மோனாக்சைடு கலந்த வாயுவைச் சுவாசித்தபோது டேவி கிட்டத்தட்ட செத்துப் பிழைத்தார். இந்தத் துணிச்சல்தான் அவருடைய பலம். பின்னால் அவரைப் பதம் பார்த்ததும் இதே துணிச்சல்தான்.

பேட்டரி என்ற புது ஆயுதம்

1800-ல் இத்தாலிக்காரர் வோல்டா ஒரு புதுக் கருவியை அறிவித்தார். இரண்டு வகை உலோகத் தட்டுகளை மாற்றி மாற்றி அடுக்கி, நடுநடுவே உப்புத்தண்ணீரில் நனைத்த அட்டையை வைத்தால் தொடர்ந்து மின்சாரம் வருகிறது. உலகின் முதல் பேட்டரி அது. அதே வருடம் நிக்கல்சன், கார்லைல் என்ற இருவர் அந்த மின்சாரத்தைத் தண்ணீருக்குள் விட்டுப் பார்த்தார்கள். தண்ணீர் ஹைட்ரஜன், ஆக்சிஜன் என இரண்டாகப் பிரிந்தது.

டேவிக்குப் பொறி தட்டியது. தண்ணீரைப் பிரிக்கும் மின்சாரம் மற்ற பொருட்களையும் பிரிக்காதா?

1801-ல் லண்டனில் உள்ள ராயல் இன்ஸ்டிடியூஷனில் அவருக்கு வேலை கிடைத்தது. பொதுமக்கள் முன்னால் அறிவியல் சொற்பொழிவு நடத்தும் இடம் அது. டேவி மேடை ஏறினால் அரங்கம் நிரம்பும். கண்ணெதிரே சோதனை செய்துகாட்டி அசத்துவார். கேட்க வந்தவர்களில் பெண்களும் ஏராளம். வாசலில் குதிரை வண்டிகள் நெருக்கியடித்து நிற்கும். அந்தக் கால லண்டனில் அவர் ஒரு ஸ்டார் என்றே சொல்லலாம்.

மேடை ஒருபுறம், ஆய்வு ஒருபுறம். மின்சாரத்துக்கும் வேதிப்பிணைப்புக்கும் உள்ள உறவு பற்றி 1806-ல் அவர் கொடுத்த சொற்பொழிவுக்கு பிரான்ஸ் நாட்டின் அறிவியல் கழகமே பரிசு அறிவித்தது. அப்போது பிரிட்டனுக்கும் பிரான்ஸுக்கும் கடும் போர் நடந்துகொண்டிருந்தது என்பதைக் கவனிக்க வேண்டும்.

ஆடிக் குதித்த நாள்

1807 அக்டோபர் 6. பொட்டாஷ் என்ற காரப்பொருளை லேசாக ஈரப்படுத்தி, பிளாட்டினத் தட்டில் வைத்து, பெரிய பேட்டரியில் இருந்து மின்சாரத்தைப் பாய்ச்சினார் டேவி. எத்தனையோ பேர் உடைக்க முடியாமல் விட்ட பொருள் அது.

கொஞ்ச நேரத்தில் பாதரசம் போலப் பளபளக்கும் சின்னச் சின்ன உருண்டைகள் தெரிந்தன. சில உருண்டைகள் வெளியே வந்த வேகத்தில் சுடர் விட்டு எரிந்தன. சில வெடித்தன. அதுதான் பொட்டாசியம். கத்தியால் வெட்டும் அளவுக்கு மெத்தென்ற உலோகம். தண்ணீரில் மிதக்கும். மிதந்தபடியே தீப்பிடித்து ஊதா நிறத்தில் எரியும்.

அதைப் பார்த்த டேவி ஆய்வகத்துக்குள்ளேயே ஆடிக் குதித்ததாக, உதவியாளராக இருந்த அவருடைய உறவினர் எட்மண்ட் டேவி பின்னாளில் பதிவு செய்திருக்கிறார். சில நாட்களிலேயே சோடியத்தையும் இதே வழியில் பிரித்துவிட்டார்.

அடுத்த மாதமே படுத்த படுக்கை ஆனார். கடுமையான காய்ச்சல். பிழைப்பாரா என்ற சந்தேகம் வந்தது. அவர் உடல்நிலை பற்றி அவ்வப்போது அறிவிப்பு ஒட்டும் அளவுக்கு மக்கள் வந்து விசாரித்தார்கள். 1808 தொடக்கத்தில் மெல்ல எழுந்தார். எழுந்தவர் நேராக வந்து சேர்ந்த இடம்தான் நம்ம மத்தாப்பு உலோகங்கள்.

1808: பேரியமும் ஸ்ட்ரான்ஷியமும் வந்த கதை

பேரியத்தின் கதை டேவிக்கு முன்பே தொடங்கிவிட்டது. 1600-களின் தொடக்கத்தில், இத்தாலியின் பொலோன்யா நகரில் காஸ்சியரோலோ என்ற செருப்புத் தொழிலாளி ஒரு கல்லைக் கண்டெடுத்தார். பார்க்கச் சிறியது, தூக்கினால் நல்ல கனம். கரியோடு சேர்த்துச் சுட்டால் இருட்டில் ஒளிர்ந்தது. அது பேரியம் இருக்கும் கல். 1774-ல் ஸ்வீடன் வேதியியலாளர் ஷீலே, இந்த வகைக் கனிமத்தில் புதிய பொருள் ஒன்று ஒளிந்திருக்கிறது என்று சொன்னார். ஆனால் உலோகத்தைப் பிரிக்க அவரால் முடியவில்லை.

ஸ்ட்ரான்ஷியத்தின் பெயர் ஒரு ஊர்ப்பெயர். ஸ்காட்லாந்தில் ஸ்ட்ரான்ஷியன் என்ற கிராமத்தில் ஈயச் சுரங்கம் இருந்தது. அங்கிருந்து வந்த கல்லை ஆராய்ந்த அடைர் கிராஃபோர்ட் என்ற மருத்துவர், இது பேரியம் கல் இல்லை, வேறு ஏதோ என்று 1790-ல் சொன்னார்.

இந்த இரண்டையும் உடைக்க டேவி முதலில் பழைய முறையையே முயன்றார். சரிவரவில்லை. அப்போது ஸ்வீடனில் இருந்து பெர்சீலியஸ் என்ற வேதியியலாளரின் தகவல் வந்தது. பாதரசத்தைப் பயன்படுத்தினால் வேலை நடக்கிறது என்பதே அந்தத் தகவல்.

டேவி அதைப் பிடித்துக்கொண்டார். கனிமத்தில் இருந்து எடுத்த பொருளை ஈரமாக்கி, பாதரச ஆக்சைடு கலந்து, பிளாட்டினத் தட்டில் வைத்தார். நடுவில் ஒரு குழி. அதில் கொஞ்சம் பாதரசம். மின்சாரம் பாய்ந்ததும், பிரிந்து வந்த உலோகம் பாதரசத்தோடு கலந்துகொண்டது. பிறகு சூடாக்கி, பாதரசத்தை ஆவியாக்கினார். மிச்சம் நின்றது புது உலோகம்.

கிடைத்தது துளியூண்டுதான். ஆனால் அந்த ஒரே வருடத்தில் பேரியம், ஸ்ட்ரான்ஷியம், கால்சியம், மெக்னீசியம் என நான்கு உலோகங்கள் வெளியே வந்தன. கிரேக்க மொழியில் கனமானது என்று பொருள்படும் சொல்லில் இருந்து பேரியம் என்று பெயர் வந்தது. போரானைப் பிரித்ததும் அதே 1808-ல்தான். பிரான்ஸில் கே-லூசாக், தெனார் இருவரும் அதே சமயத்தில் போரானைப் பிரித்ததால், அந்தப் பெருமை மூவருக்கும் பங்கு.

இந்த உலோகங்கள் இன்னைக்கு எங்கே இருக்கு?

பட்டாசில் மட்டும்தானா என்றால் இல்லை. நம்மைச் சுற்றி எங்கும் இருக்கின்றன.

வயிற்று எக்ஸ்ரே எடுக்கும் முன் ஆஸ்பத்திரியில் சுண்ணாம்புக் கரைசல் மாதிரி வெள்ளையாக ஒன்றைக் குடிக்கச் சொல்வார்கள். அது பேரியம் சல்பேட். எக்ஸ்ரே அதைத் தாண்டிப் போகாது என்பதால் குடலின் வடிவம் படத்தில் பளிச்சென்று தெரியும்.

அப்போ பேரியம் நஞ்சு என்று சொல்கிறார்களே? அங்கேதான் விஷயம் இருக்கிறது. பேரியம் சல்பேட் தண்ணீரில் கரையாது. போன வழியே வெளியே வந்துவிடும். ஆனால் பேரியம் நைட்ரேட், பேரியம் குளோரைடு போன்றவை கரையும். உடம்புக்குள் போனால் தசையையும் இதயத் துடிப்பையும் பாதிக்கும். ஒரே தனிமம், சேர்க்கை மாறினால் மருந்தும் ஆகும், நஞ்சும் ஆகும்.

பேரியம் தாதுவுக்கு நாம் தூரம் போக வேண்டாம். பக்கத்து மாநிலமான ஆந்திராவில், கடப்பா பகுதியில் உள்ள மங்கம்பேட்டையில் உலகின் மிகப்பெரிய பேரைட் படிவுகளில் ஒன்று இருக்கிறது. எண்ணெய்க் கிணறு தோண்டும்போது ஊற்றும் கனமான சேற்றுக் கலவைக்கு இந்தக் கல்தூள்தான் முக்கியம். கீழே இருந்து பொங்கி வரும் வாயுவை அந்தக் கனம்தான் அமுக்கிப் பிடிக்கிறது.

ஸ்ட்ரான்ஷியத்தை எங்க வீட்டுல பார்த்ததே இல்லையே என்கிறீர்களா? பழைய டப்பா டிவி ஞாபகம் இருக்கிறதா? அதன் பிக்சர் டியூப் உள்ளே உண்டாகும் எக்ஸ்ரே வெளியே வராமல் தடுக்க, முன்பக்கக் கண்ணாடியில் ஸ்ட்ரான்ஷியம், பேரியம் கலந்திருந்தார்கள். இன்றைக்கு ஸ்பீக்கரிலும் சின்ன மோட்டாரிலும் இருக்கும் கறுப்புக் காந்தங்களில் ஸ்ட்ரான்ஷியம் இருக்கிறது.

போரான் என்றால், கேரம் போர்டில் தூவும் பவுடரை நினைத்துக்கொள்ளுங்கள். அது பெரும்பாலும் போரிக் அமிலம். பட்டாசிலும் இதற்கு வேலை உண்டு. அலுமினியத் தூளும் நைட்ரேட் உப்பும் கலந்த மருந்தில் ஈரம் பட்டால், இரண்டும் மெல்ல வினைபுரிந்து சூடாகலாம். சிறிதளவு போரிக் அமிலம் சேர்த்தால் அந்த வினை அடங்கும்.

பச்சைக்கும் சிவப்புக்கும் தேவைப்படும் கூட்டாளி

பேரியத்தை எரித்தால் பச்சை, ஸ்ட்ரான்ஷியத்தை எரித்தால் சிவப்பு என்று சுலபமாகச் சொல்லிவிடுகிறோம். ஆனால் வானத்தில் நாம் பார்க்கும் அடர்ந்த நிறத்துக்கு இன்னொரு தனிமமும் தேவை. அது குளோரின். சுடருக்குள் பேரியமும் குளோரினும் ஒரு கணம் சேரும்போதுதான் நல்ல பச்சை வரும். சிவப்புக்கு ஸ்ட்ரான்ஷியமும் குளோரினும். அதனால்தான் கலர் மருந்தில் குளோரின் தரும் பொருள் ஒன்றையும் சேர்க்கிறார்கள்.

அந்தக் குளோரின் ஒரு தனித் தனிமம் என்று நிறுவி, 1810-ல் பெயர் வைத்தவரும் டேவிதான். அதுவரை, ஆக்சிஜன் கலந்த ஏதோ ஒரு சேர்மம் என்றே எல்லோரும் நினைத்திருந்தார்கள்.

நிறத்தை வைத்தே தனிமத்தைக் கண்டுபிடிக்கும் கலையை 1859, 1860 வாக்கில் வளர்த்தெடுத்தவர்கள் ஜெர்மனியின் புன்சனும் கிர்ச்சாஃபும். அவர்கள் பெயர் இந்தக் கதையில் மறுபடியும் வரும்.

கண்ணில் அடித்த வெடி

1812 டேவிக்கு உச்சமான வருடம். ஏப்ரலில் சர் பட்டம் கிடைத்தது. மூன்றே நாளில் ஜேன் அப்ரீஸ் என்ற வசதியான விதவைப் பெண்ணைத் திருமணம் செய்துகொண்டார்.

அதே வருடக் கடைசியில் விபத்து நடந்தது. நைட்ரஜனும் குளோரினும் சேர்ந்த ஒரு எண்ணெய் மாதிரியான திரவம். அதைக் கண்டுபிடித்த பிரெஞ்சுக்காரர் டுலோங், அது வெடித்ததில் ஒரு கண்ணையும் விரல்களையும் இழந்திருந்தார். ஆபத்தானது என்ற தகவல் டேவிக்கும் வந்து சேர்ந்திருந்தது. தெரிந்தும் அதைத் தயாரித்துப் பார்த்தார். வெடித்தது. கண்ணாடிச் சில் கண்ணில் பாய்ந்தது. கொஞ்ச காலம் எழுதவே முடியவில்லை.

எழுதித் தர ஆள் தேவைப்பட்டபோது வந்தவர் ஒரு புத்தக பைண்டிங் பையன். பெயர் மைக்கேல் ஃபாரடே. டேவியின் சொற்பொழிவுகளைக் கேட்டுக் குறிப்பெடுத்து, அழகாக பைண்டிங் செய்து அவருக்கே அனுப்பிவைத்தவர். 1813 மார்ச்சில் ஆய்வக உதவியாளர் வேலை காலியாக, அது ஃபாரடேக்குக் கிடைத்தது. பின்னாளில் மோட்டார், டைனமோ ஆகியவற்றின் அடிப்படையைத் தந்த அதே ஃபாரடே.

அந்த வருடமே டேவி மனைவியையும் ஃபாரடேயையும் கூட்டிக்கொண்டு ஐரோப்பா கிளம்பினார். போர்க்காலத்தில் நெப்போலியனின் அனுமதியோடு போன பயணம். பாரிஸில் அயோடின் ஒரு தனிமம் என்று காட்டினார். ஃபிளாரன்ஸில் பெரிய லென்ஸ் வைத்து வைரத்தை எரித்து, அதுவும் வெறும் கார்பன்தான் என்று நிரூபித்தார்.

வெடியைத் தடுத்த வலை

1812 மே 25-ம் தேதி வடக்கு இங்கிலாந்தில் ஃபெல்லிங் என்ற நிலக்கரிச் சுரங்கம் வெடித்தது. 92 பேர் இறந்தார்கள். அதில் சிறுவர்களும் அடக்கம். சுரங்கத்துக்குள் கசியும் மீத்தேன் வாயுவும், வெளிச்சத்துக்குக் கொண்டுபோகும் விளக்குச் சுடரும்தான் காரணம். இருட்டில் வேலை செய்ய முடியாது. விளக்கு ஏற்றினால் உயிர் போகும். என்ன செய்வது?

அந்தப் பகுதி மக்கள் டேவியிடம் உதவி கேட்டார்கள். 1815 ஆகஸ்ட்டில் நேரில் போய்ப் பார்த்தார். சுரங்க வாயுவை பாட்டில்களில் அடைத்து லண்டனுக்கு வரவழைத்தார். எந்த அளவில் காற்றோடு கலந்தால் வெடிக்கிறது, எவ்வளவு சூட்டில் பற்றுகிறது என்று ஒவ்வொன்றாகச் சோதித்தார்.

குறுகலான குழாய் வழியாக அந்தச் சுடர் கடந்து போவதில்லை என்பது தெரிந்தது. உலோகம் சூட்டை இழுத்துக்கொள்வதால் சுடர் அணைந்துவிடுகிறது. அப்படியென்றால் நெருக்கமான கம்பி வலையும் ஆயிரம் சின்னக் குழாய்களுக்குச் சமம்தானே?

விளக்கைச் சுற்றி மெல்லிய கம்பி வலை போட்டார். அவ்வளவுதான். உள்ளே வரும் வாயு எரியும், ஆனால் அந்தத் தீ வலையைத் தாண்டி வெளியே போகாது. வாயு இருந்தால் சுடரைச் சுற்றி நீல நிறம் தெரியும். அதுவே எச்சரிக்கை. 1816 ஜனவரியில் ஹெப்பர்ன் சுரங்கத்துக்குள் விளக்கைக் கொண்டுபோய்ப் பார்த்தார்கள். வேலை செய்தது.

காப்புரிமை வாங்கினால் ஆயிரக்கணக்கான பவுண்டு சம்பாதிக்கலாம் என்று நண்பர்கள் சொன்னார்கள். டேவி மறுத்துவிட்டார். உயிர் காக்கும் பொருளுக்கு விலை வைக்க அவர் விரும்பவில்லை.

சர்ச்சையும் வந்தது. அதே சமயத்தில், பின்னாளில் ரயில் எஞ்சினால் புகழ்பெற்ற ஜார்ஜ் ஸ்டீபன்சனும் ஒரு சுரங்க விளக்கைச் செய்திருந்தார். முறையாகப் படிக்காத ஒரு சுரங்க மெக்கானிக் இதைச் சொந்தமாகச் செய்திருக்க முடியாது, தன்னிடம் இருந்து எடுத்ததுதான் என்று டேவி நம்பினார். காலேஜ் போகாமலே மேலே வந்த அவரே இப்படி நினைத்தது வருத்தமான விஷயம். இரண்டு பேரும் தனித்தனியாகவே கண்டுபிடித்தார்கள் என்பது பின்னால் தெளிவானது.

விளக்கு வந்தது... சாவு நின்றதா?

இல்லை என்பதுதான் கசப்பான பதில்.

முன்பு வாயு அதிகம் என்று மூடி வைத்திருந்த சுரங்கங்களை முதலாளிகள் திறந்தார்கள். விளக்குதான் இருக்கிறதே என்று இன்னும் ஆழமாக ஆட்களை அனுப்பினார்கள். காற்றோட்டத்துக்குச் செலவு செய்வதை விட விளக்கு மலிவு. வலையில் ஒரு கம்பி துருப்பிடித்து அறுந்தாலோ, காற்று வேகமாக அடித்தாலோ பாதுகாப்பு போச்சு. வெளிச்சம் மங்கல் என்று வலையைக் கழற்றிவிட்டு வேலை பார்த்தவர்களும் உண்டு. எடைக்குக் கூலி என்றால் வேறு என்ன செய்வார்கள்?

சுரங்க விபத்துகளை விசாரித்த பிரிட்டிஷ் நாடாளுமன்றக் குழு, விளக்கு வந்த பிறகு சாவு குறையவில்லை, கூடியிருக்கிறது என்பதை 1835-ல் கவனித்தது. விளக்கில் குறை இருந்தது உண்மைதான். ஆனால் அதைவிடப் பெரிய குறை, அந்த விளக்கைக் காட்டி மற்ற பாதுகாப்பையெல்லாம் தள்ளிப்போட்டதுதான்.

கடைசி வருடங்கள்

1820-ல் ராயல் சொசைட்டியின் தலைவர் ஆனார் டேவி. மரச்சிற்பியின் மகன் நியூட்டன் உட்கார்ந்த நாற்காலிக்கு வந்துவிட்டார். ஆனால் அந்தக் காலம் இனிமையாக இல்லை. கப்பலின் செம்புத் தகடு அரிக்காமல் இருக்க வேறு உலோகத் துண்டுகளைப் பொருத்தும் யோசனை சொன்னார். அரிப்பு நின்றது. ஆனால் சிப்பியும் பாசியும் ஒட்டிக்கொண்டு கப்பல் வேகம் குறைந்தது. திட்டம் கைவிடப்பட்டது. அதே தத்துவத்தில்தான் இன்றைக்குக் கப்பலுக்கும் பைப்லைனுக்கும் துருப்பாதுகாப்பு கொடுக்கிறார்கள்.

தான் வளர்த்த ஃபாரடே 1824-ல் ராயல் சொசைட்டிக்குத் தேர்வானபோது, அதை எதிர்த்தார் டேவி. அவர் வாழ்க்கையில் ஒட்டிக்கொண்ட கறை அது. ஃபாரடே மட்டும் கடைசிவரை டேவியை மரியாதையாகவே பேசினார்.

1826 கடைசியில் பக்கவாதம் தாக்கியது. அடுத்த வருடம் பதவி விலகினார். உடம்பு தேறும் என்று ஐரோப்பாவில் ஊர் ஊராகப் போனார். ரோமில் மறுபடியும் பக்கவாதம். 1829 மே 29-ம் தேதி சுவிட்சர்லாந்தின் ஜெனிவாவில் உயிர் பிரிந்தது. வயது 50. குழந்தைகள் இல்லை. அங்கேயே அடக்கம் செய்தார்கள்.

விளக்குக்கு நன்றியாகச் சுரங்க முதலாளிகள் கொடுத்த வெள்ளிப் பாத்திரங்களை பிற்காலத்தில் விற்று, அந்தப் பணத்தில் டேவி பதக்கம் உருவாக்கினார்கள். 1877-ல் முதல் பதக்கம் யாருக்குப் போனது தெரியுமா? சுடரின் நிறத்தைப் படித்த புன்சனுக்கும் கிர்ச்சாஃபுக்கும்தான்.

மறுபடியும் சிவகாசிக்கு...

2012 செப்டம்பர் 5, சிவகாசி அருகே முதலிப்பட்டி. 30-க்கும் மேற்பட்டவர்கள் பலி. உதவ ஓடி வந்தவர்களும் அதில் உண்டு. 2021 பிப்ரவரி 12, சாத்தூர் அருகே அச்சங்குளம். 20-க்கும் மேற்பட்டவர்கள் பலி. நடுவில் நடந்தவை, அதற்குப் பிறகு நடந்தவை என்று பட்டியல் நீளம். மருந்து கலக்கும்போது உராய்வு என்ற வரியை நியூஸ் டெஸ்க்கில் நாங்கள் திரும்பத் திரும்ப டைப் செய்துகொண்டே இருக்கிறோம்.

பேரியத் தடை, காற்றில் கலக்கும் நச்சுப் புகையைப் பற்றியது. அது ஒரு பிரச்சினை. மருந்து அறைக்குள் நிற்கும் தொழிலாளியின் உயிர் இன்னொரு பிரச்சினை. இரண்டையும் ஒன்றாக நினைத்துக்கொள்ளக் கூடாது. பசுமைப் பட்டாசு என்று பெட்டியில் அச்சடித்திருப்பதால் அதைச் செய்யும் அறை பாதுகாப்பானது ஆகிவிடாது. எந்த உப்பைப் போட்டாலும், எரிய வேண்டியது எரியத்தான் செய்யும்.

அறைக்குள் அனுமதித்ததை விட அதிகம் பேரை உட்கார வைப்பது, மரத்தடியில் வைத்து மருந்து அடைப்பது, ஆலையை உள்குத்தகைக்கு விடுவது, மிச்ச மருந்தை மறுநாளுக்கு வைப்பது... விபத்துக்குப் பிறகு விசாரணையில் வெளிவரும் காரணங்கள் பெரும்பாலும் இவைதான். இதில் எதுவுமே வேதியியல் கிடையாது.

200 வருடங்களுக்கு முன்னால் நல்ல விளக்கு ஒன்று சுரங்கத்துக்குப் போனது. மற்றது எதுவும் மாறாததால் அந்த விளக்கால் மட்டும் சாவை நிறுத்த முடியவில்லை. அடுத்த தீபாவளிக்கு வானத்தில் பச்சையும் சிவப்பும் விரியும்போது, நிறத்தைப் பிரித்துக் கொடுத்த டேவியோடு சேர்த்து அந்த விளக்கையும் ஒரு நிமிடம் நினைத்துக்கொள்ளலாம்.